விளையாட்டுப் பெட்டியிற் படம் பார்த்தல்

பிள்ளைகள் ஆடி மகிழ்வதற்கென வாங்கப்பட்ட ஒரு பெட்டி, இராச் சாப்பாடு முடிந்தபின் பெரியோர்க்குத் திரைப்படம் காட்டும் கருவியாக மாறுகின்றது. பந்தாட்டத்தையும் கார் ஓட்டத்தையும் நடத்திய அதே கைப்பிடியின் பொத்தான் ஒன்றை அழுத்தினால், சென்னையிலே எடுக்கப்பட்ட படமோ அமெரிக்காவிலே எடுக்கப்பட்ட தொடரோ இணையத்தின் வழியாக வீட்டுத் திரையில் ஓடத் தொடங்குகின்றது. வெள்ளவத்தையிலே காலி வீதிக்கும் கடலுக்கும் இடையில் நெருங்கி நிற்கும் தொடர்மாடி வீடுகளிலும், கொட்டாஞ்சேனையின் குறுகிய ஒழுங்கைகளில் உள்ள வீடுகளிலும் இஃது இன்று எவரையும் வியக்கச் செய்வதில்லை. ஆயினும், விளையாட்டுக்கென்று பிறந்த பெட்டி படமாளிகையின் தொழிலை ஏற்ற கதையில் இரண்டு வரலாறுகள் ஒன்றோடொன்று பின்னிக் கிடக்கின்றன. ஒன்று யப்பானிய, அமெரிக்கக் கொம்பனிகளின் வாணிக வரலாறு. மற்றையது கொழும்புத் தமிழர் படம் பார்த்த வரலாறு. முன்னதைப் பலர் எழுதியுள்ளனர். பின்னது பெரும்பாலும் வீட்டுக்குள்ளேயே நிகழ்ந்தமையால், எழுதியோர் சிலரே.

தொலைக்காட்சி இந்நாட்டுக்கு வருமுன்னர்ப் படம் என்றாற் படமாளிகைதான். வெள்ளவத்தையில் காலி வீதி ஓரத்திற் சவோய் இருந்தது, இன்றும் இருக்கின்றது. அங்கு ஆங்கிலப் படங்களே பெரிதும் ஓடின. தமிழ்ப் படம் பார்க்க விரும்பியோர் செல்லமஹால், கெப்பிட்டல் முதலிய அரங்குகளை நாடினர். பஸ் ஏறிப் போதலும், வரிசையில் நிற்றலும், இடைவேளையிற் கடலை கொறித்தலும், திரும்பும் வழியிற் கதாநாயகனைப் பற்றி வாதிடுதலும் படத்தின் பகுதிகளாகவே கொள்ளப்பட்டன. படத்தைப் பார்க்க இயலாதோர்க்கு அதன் பாட்டுகளை வானொலி வழங்கியது. 1952இல் இந்திய வானொலி, அமைச்சர் கேஸ்கரின் கொள்கைப்படி, திரைப் பாடல்களுக்கு இடமளிக்கத் தயங்கியபோது, கடலுக்கு அப்பாலிருந்த தமிழ்நாட்டு நேயர்கள் தம் வானொலிப் பெட்டியின் முள்ளை இலங்கை வானொலியின் பக்கந் திருப்பினர். சென்னையிற் பதிவான பாட்டு கொழும்பிலிருந்து சென்னைக்கே ஒலித்த விந்தை அது. ஓர் அரசு தன் எல்லைக்குள்ளே அடைத்த வாயிலை மற்றோர் எல்லையிலிருந்து மக்கள் திறந்துகொள்ளுதல் இக்கதையிலே பலமுறை நிகழ்கின்றது. அதற்கு இதனை முதல் உதாரணமாகக் கொள்ளலாம்.

1972இல் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் அமைந்தது. வெளிநாட்டுப் படங்களை இறக்குமதி செய்தலும் பகிர்ந்தளித்தலும் அதன் தனியுரிமையாயின. உள்நாட்டுச் சினிமாவைக் காக்கும் நோக்கம் அதற்கு இருந்தது. அதைக் குறைகூற எல்லோராலும் இயலாது. எனினும் சென்னையில் வெளியான படம் கொழும்பிலே எப்போது ஓடும், ஓடுமா என்பதும் அக்கூட்டுத்தாபனத்தின் மேசையிலே தீர்மானமாயிற்று.

1979 ஏப்ரலில் சுயாதீனத் தொலைக்காட்சி தன் ஒளிபரப்பைத் தொடங்கியது. 1982 பெப்ரவரி 15இல் யப்பானிய உதவியுடன் ரூபவாஹினி தொடங்கியது. திறந்த பொருளாதாரம் 1977இற்குப் பின் கடைகளுக்குக் கொண்டுவந்த பொருள்களுள் தொலைக்காட்சிப் பெட்டி முதன்மையானது. மத்திய கிழக்கிலே தொழில் செய்து திரும்பியோர் அதையும், அதனோடு மக்கள் "டெக்" என்று வழங்கிய வீடியோக் கருவியையும் கொண்டுவந்தனர். மூன்று மணி நேரம் ஓடும் ஒரு நாடாவிலே தமிழ்ப் படம் முழுவதும் அடங்கிவிடும். இந்த அளவுப் பொருத்தம் எவரும் திட்டமிட்டு அமைத்ததன்று; ஆயினும் பாட்டுகளும் சண்டைகளும் நிறைந்த நெடும்படங்களை விரும்பிய மக்களுக்கு அது பெரும் உதவியாயிற்று.

பின்னர் 1983 ஜூலை வந்தது. 24ஆம் நாள் இரவு பொறளையிலே தொடங்கிய வன்செயல் மறுநாள் வெள்ளவத்தை உட்பட நகரெங்கும் பரவியது. தமிழர் வீடுகளும் கடைகளும் எரிந்தன. ஹெந்தளையில் இருந்த விஜயா ஸ்டூடியோவும் தீக்கிரையாயிற்று. அதனுள்ளே இருந்த படச்சுருள்கள் பல தமிழ்ப் படங்களுடையவையல்ல, சிங்களப் படங்களுடையவை. எரித்தோர் தம் மொழியின் சினிமாவையே எரித்தனர் என்பது அந்நாட்களின் கொடுமைக்குள் அடங்கிய மற்றொரு கொடுமை. அதன்பின் வந்த ஆண்டுகளிற் போரும், வீதித் தடைகளும், அடையாள அட்டைச் சோதனைகளும், நள்ளிரவுத் தேடுதல்களும் கொழும்புத் தமிழரின் அன்றாட வாழ்வாயின. இரவுக் காட்சி முடிந்து பன்னிரண்டு மணிக்கு நடந்து வீடு திரும்புதல் மகிழ்ச்சிக்குரிய செயலாக இருக்கவில்லை. ஆகவே படம் வீட்டுக்குள் வந்தது. பிற நாடுகளிலே வீட்டுத்திரை வசதியின் பொருட்டு வளர்ந்தது என்பர். வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் அது வளர்ந்ததற்கு அச்சமும் ஒரு காரணம். விளையாட்டுப் பெட்டியின் கதையை இவ்விடத்தை மறந்து சொல்லுதல் பொருந்தாது.

நாடாவுக்குப் பின் வந்தது தட்டு. 1993இல் வகுக்கப்பட்ட வீடியோ சீடி முறைப்படி ஒரு தட்டில் ஏறத்தாழ 74 நிமிடப் படம் அடங்கும். எனவே ஒரு தமிழ்ப் படத்துக்கு இரண்டு அல்லது மூன்று தட்டுகள் வேண்டியிருந்தன. கதாநாயகி துயரத்தில் ஆழ்ந்திருக்கும் வேளையிலே ஒருவர் எழுந்து தட்டை மாற்றவேண்டும். மேல்நாட்டார் இம்முறையைப் பெரிதாக மதிக்கவில்லை. ஆசியாவிலோ அது காட்டுத்தீப்போற் பரவியது. நாடாவைப் போல ஈரத்தாற் பூஞ்சணம் பிடிக்காது. படியெடுக்கும் செலவும் சொற்பம். கடற்காற்று வீசும் வெள்ளவத்தையில் நாடாவிற் பூஞ்சணம் பிடித்தல் சிறிய குறையன்று.

விளையாட்டுப் பெட்டி இக்கதையினுள் நுழைவது இவ்விடத்திலேதான். யப்பானின் சொனிக் கொம்பனி 1994 டிசம்பரில் வெளியிட்ட பிளேஸ்டேஷன், தட்டிலிருந்து விளையாட்டைப் படிக்கும் கருவி. தட்டைப் படிக்க இயலுமாயின் படத்தைப் படிக்கலாகாதா என்ற வினா ஆசியச் சந்தையில் உடனே எழுந்தது. பெட்டியின் பின்புறத்துத் துளையிற் செருகினால் வீடியோ சீடியை ஓடச்செய்யும் அட்டைகளை வேறு கொம்பனிகள் விற்றன. சொனியே வீடியோ சீடி காட்டும் வெள்ளைநிறப் பிளேஸ்டேஷன் ஒன்றை ஆசியாவுக்கென்று தனியே செய்து விற்றது. மேல்நாட்டிலே அதற்குத் தேவை இருக்கவில்லை. விளையாட்டுப் பெட்டியைப் படப்பெட்டியாக்கும் எண்ணம் அமெரிக்க வரவேற்பறையிலே பிறந்து இங்கு வந்தது எனப் பலரும் நினைக்கின்றனர். ஆசியக் கடைவீதிகளுக்கும் அதிலே பங்குண்டு.

2000 மார்ச் 4இல் யப்பானில் வெளியான பிளேஸ்டேஷன் 2 அவ்வெண்ணத்தை உலகப் பொதுமையாக்கியது. அதன் விலை 39,800 யென். டீவீடித் தட்டுகளைக் காட்டும் தனிக்கருவியின் விலை அக்காலத்திலே சிறிதன்று; எனவே விளையாடும் வழக்கமில்லாதோரும் படம் பார்ப்பதற்காக அப்பெட்டியை வாங்கினர். "படிப்புக் கெடும்" என்று மறுக்கும் தந்தையிடம் "படமும் பார்க்கலாம் அப்பா" என்று மகன் வாதாடுதல் எந்நாட்டு வீட்டிலும் எதிர்பார்க்கக்கூடியதே. இறுதியில் 15 கோடிக்கும் மேற்பட்ட பெட்டிகள் விற்பனையாயின.

ஆனால் அப்பெட்டிக்குள் ஓர் எல்லைக்காவலும் இருந்தது. டீவீடி செய்தோர் உலகைப் பிராந்தியங்களாகப் பிரித்து எண் இட்டனர். அமெரிக்காவுக்கு 1, யப்பானுக்கும் மேலை ஐரோப்பாவுக்கும் 2, தென்னாசியாவுக்கு 5. இலண்டனிலிருந்து மாமா கொண்டுவந்த பெட்டி 2ஆம் எண்ணுடையது. பம்பலப்பிட்டிக் கடையில் வாங்கிய தட்டு 5ஆம் எண்ணுடையதாயின் பெட்டி அதை ஏற்காது. எண் இடப்படாத தமிழ்த் தட்டுகள் எங்கும் ஓடின என்பது ஆறுதல். ஏனையவற்றுக்குப் பெட்டியைத் திறந்து சிறு சில்லு ஒன்றைப் பற்றவைத்துக் காவலை நீக்கும் கைவினைஞர் பல நாடுகளிலே தோன்றினர். இக்கைவினை கள்ளத் தட்டுகளுக்கும் கதவைத் திறந்தது. 2003இன் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் இலங்கையிலே படைப்பாளியின் உரிமையைத் தெளிவாக வகுத்தது. ஆயினும் சட்டத்துக்கும் கடைத்தட்டுக்கும் இடையிலே தூரம் மிகுதியாயிருந்தது. கலைஞனின் உழைப்பைக் கூலியின்றி எடுப்பது தவறு என்பதில் ஐயமில்லை. முறைப்படி விற்பதற்கு எவரும் வராத ஊரிலே வாங்குவோனை மாத்திரம் குற்றவாளியாக்குதலும் முழு நியாயமாகாது.

மைக்ரோசொப்ட் 2001இல் வெளியிட்ட எக்ஸ்பொக்ஸ் இன்னொரு பாடத்தைத் தந்தது. டீவீடி படிக்கும் உறுப்பு அதனுள்ளே இருந்தும், தனியே விற்கப்பட்ட தூரவியக்கியை வாங்கினாலன்றிப் படம் ஓடாது. உரிமக் கட்டணத்தை அவ்வகையாக வாங்குவோரிடமே சாட்டினர். இதைப் பொறாத இளைஞர் சிலர், அப்பெட்டியின் பூட்டை உடைத்து, எல்லா வகைப் படக் கோப்புகளையும் காட்டும் ஒரு செயலியை எழுதி இலவசமாக விட்டனர். எக்ஸ்பொக்ஸ் மீடியா சென்ரர் என்ற பெயருடன் வளர்ந்த அது, 2014இற் "கோடி" எனப் பெயர் மாறி, இன்று எக்ஸ்பொக்ஸே இல்லாத வீடுகளிலும் இயங்குகின்றது. பெட்டி மறைந்தது, அதை மீறிப் பிறந்த செயலி நிலைத்தது.

தட்டும் வேண்டாத காலம் அடுத்து வந்தது. அமெரிக்காவிலே தபால் மூலம் தட்டுகளை வாடகைக்கு அனுப்பிய நெட்பிளிக்ஸ் கொம்பனி, 2007 ஜனவரியிற் படங்களை இணையத்தில் நேரே அனுப்பத் தொடங்கியது. முழுக் கோப்பையும் இறக்கி வைக்காது, வரும் பகுதியை வரவரக் காட்டிச் செல்லும் இம்முறையையே ஸ்ட்ரீமிங் என்பர். குழாயைத் திறந்து தண்ணீர் குடிப்பது போன்றது; குடத்தில் நிரப்பிவைக்கும் வேலை இல்லை. தொடக்கத்தில் இது கணினித் திரையில் மட்டுமே கிடைத்தது. குடும்பத்தார் அனைவரும் மேசைக் கணினியின் முன்னே கூடியிருந்து படம் பார்த்தல் எளிதன்று. தொலைக்காட்சிக்கு அதைக் கொண்டுசெல்ல ஒரு பாலம் தேவைப்பட்டது. அப்பாலம் ஏற்கெனவே பல இலட்சம் வீடுகளில் விளையாட்டுப் பெட்டி வடிவிற் காத்திருந்தது. இணைய இணைப்பு, அசையும் படத்தை விரித்துக்காட்டும் வலிய சில்லு, தொலைக்காட்சிக்குப் போகும் கம்பி ஆகிய மூன்றுக்கும் பிள்ளையின் விளையாட்டுக்காகத் தந்தை முன்னரே பணங் கொடுத்திருந்தார்.

2008 நவம்பர் 19இல் எக்ஸ்பொக்ஸ் 360இலும், 2009 நவம்பரிற் பிளேஸ்டேஷன் 3இலும், 2010இன் வசந்தத்தில் நிண்டெண்டோவின் வீயிலும் நெட்பிளிக்ஸ் ஏறியது. பின்னிரண்டிலும் முதலில் ஒரு வேடிக்கை இருந்தது. இணையத்திற் படம் பார்ப்பதற்கும் நெட்பிளிக்ஸ் தபாலில் அனுப்பிய தட்டு ஒன்றைத் திறவுகோல் போலச் செருகவேண்டும். தட்டை ஒழிக்க வந்த முறைக்குத் தட்டே வாயில்காத்தது! எக்ஸ்பொக்ஸிலோ நெட்பிளிக்ஸ் சந்தாவுடன் மைக்ரோசொப்ட்டுக்கும் தனிச் சந்தா கட்டவேண்டும். இவ்விரட்டை வரி 2014 வரை நீடித்தது. 2012இல், தொலைக்காட்சியோடு இணைந்த கருவிகளுள் நெட்பிளிக்ஸ் மிகுதியாகப் பார்க்கப்படுவது பிளேஸ்டேஷன் 3இலே என அக்கொம்பனி அறிவித்தது. விளையாட்டுக்கு வாங்கிய பெட்டி, ஒரு தலைமுறைக்குள்ளே படமாளிகையாகிவிட்டது.

இவையெல்லாம் நிகழ்ந்தபோது இலங்கை எங்கே இருந்தது? இணையம் இந்நாட்டுக்கு 1995இலேயே வந்துவிட்டது. நான்காம் தலைமுறைக் கம்பியில்லா இணைப்பும் 2013இல் வணிகச் சேவையாயிற்று; அயல்நாடுகள் பலவற்றோடு ஒப்பிடின் இது பிந்தியதன்று. ஆயினும் நெட்பிளிக்ஸ் இங்கு முறைப்படி வந்தது 2016 ஜனவரி 6இல், ஒரே நாளில் 130 நாடுகளுக்கு அக்கொம்பனி வாயில் திறந்தபோதுதான். விளையாட்டுப் பெட்டி செய்தோரோ அவ்வாயிலையும் திறக்கவில்லை. பிளேஸ்டேஷனின் வலையமைப்பிற் கணக்குத் திறக்கத்தக்க நாடுகளின் பட்டியல் ஒன்றுண்டு. அப்பட்டியலிலே இந்தியா உண்டு, சிங்கப்பூர் உண்டு. 2024இல் அப்பட்டியல் உலகமெங்கும் சர்ச்சைக்குள்ளானபோதும் இலங்கை அதில் இல்லை. ஆகவே காலி வீதியிலே பணங் கொடுத்துப் பெட்டியை வாங்கியவர், அதைத் தன் வீட்டிலே திறந்தவுடன், "நீர் எந்த நாட்டவர்?" என்ற முதல் வினாவிலேயே பொய் சொல்லவேண்டியவராகின்றார். அமெரிக்கர் என்றோ இந்தியர் என்றோ சொல்லிக்கொண்டால் அந்நாட்டுக் கடை திறக்கும். அந்நாட்டுக்குரிய செயலிகளும் வரும். தம் ஊரை வெளியே சொல்லத் தயங்கி வாழ்ந்த ஆண்டுகளை அறிந்த மக்களுக்கு, வேடிக்கை பார்க்கும் பெட்டியும் ஊரை மாற்றிச் சொல்லச் சொல்லுதல் கசப்பான நகைச்சுவைதான். கொம்பனிக்கு இதிலே பகைமை எதுவும் இல்லை. இரண்டு கோடிச் சொச்சம் மக்கள் வாழும் தீவுக்குத் தனிக் கடை வைத்தல் கணக்குக்கு ஒத்துவரவில்லை, அவ்வளவே. கணக்கின் அலட்சியமும் வாயிலை மூடும் என்பதை இலங்கைச் சிறுவர் பன்னிரண்டு வயதிலேயே அறிந்துகொள்கின்றனர்.

2020 மார்ச் 20இல் நாடெங்கும் ஊரடங்கு விதிக்கப்பட்டது. படமாளிகைகள் மூடப்பட்டன. அவ்வாண்டு மே 29இல் "பொன்மகள் வந்தாள்" என்ற தமிழ்ப் படம் திரையரங்கைத் தொடாது நேரே அமெசன் பிரைமில் வெளியானது. தமிழ்நாட்டு அரங்க உரிமையாளர்கள் அதைக் கடுமையாக எதிர்த்தனர். அவர்களது வாதத்திலே நியாயம் இருந்தது. எனினும் கொழும்பிலே அடைபட்டிருந்த வீடுகளுக்கு அஃது ஒரு புதுமை: சென்னையில் வெளியாகும் நாளிலேயே, தணிக்கை மேசையையும் இறக்குமதி மேசையையும் கடவாது, ஒரு புதுப்படம் முறைப்படி வீட்டுக்கு வந்தது. 1972இன் கட்டுப்பாட்டை அறிந்த முதியோர்க்கு அதன் பொருள் நன்கு விளங்கியிருக்கும்.

பின்பு 2022இல் நாடு கடனில் மூழ்கியது. மார்ச்சுக்கு முன் டொலர் ஒன்றுக்கு ஏறத்தாழ 200 ஆக இருந்த ரூபாய், சில கிழமைகளுக்குள் 360ஐத் தொட்டது. பெட்டி, சந்தா ஆகிய இரண்டும் டொலரிலே பிறப்பவை. மார்ச் மாத முடிவில் மின்வெட்டு நாளொன்றுக்கு 13 மணி நேரமாயிற்று. இங்கேதான் விளையாட்டுப் பெட்டியின் பழைய குறை வெளிப்பட்டது. தொலைக்காட்சியின் பின்புறம் செருகும் விரலளவான கருவி ஒரு படத்தைக் காட்டச் சில வாட் மின்சாரமே கொள்ளும். கடும் விளையாட்டுக்கென அமைந்த பெட்டியோ அதே படத்துக்குப் பல பத்து வாட் விழுங்கும். நெல் மூட்டை இழுக்கும் லொறியிலே ஒரு கட்டுக் கீரை வாங்கப் போவதை இது ஒக்கும். மின்கலத்தை நம்பியிருந்த வீட்டில் அப்பெட்டியைத் தொடுவார் இல்லை.

மின்சாரம் திரும்பியது, விலை ஓரளவு தணிந்தது. தணியாத வினா ஒன்று உண்டு. நெட்பிளிக்ஸ் 2023 மே மாதத்தில் நூற்றுக்கு மேற்பட்ட நாடுகளில், ஒரு கணக்கை ஒரே இல்லத்தார் மாத்திரமே பயன்படுத்தலாம் என வற்புறுத்தத் தொடங்கியது. இல்லம் என்று கொம்பனி கருதுவது ஒரே கூரையை. வெள்ளவத்தையிலே தாயும், ரொறன்ரோவிலே மூத்த மகனும், இலண்டனிலே மகளுமாகப் பிரிந்து வாழும் குடும்பம் அவ்விலக்கணத்துள் அடங்காது. 1983இற்குப் பின் அக்கூரை எவ்வாறு பிரிந்தது என்பது எந்தக் கணக்குப் புத்தகத்திலும் பதியப்படவில்லை.

வாங்கிய படத்தின் உரிமையும் நிலையற்றதாயிற்று. 2021 ஆகத்து 31 முதற் பிளேஸ்டேஷன் கடை படங்களையும் தொடர்களையும் விற்பதை நிறுத்தியது. 2022இல் ஜெர்மனியிலும் ஒஸ்திரியாவிலும், பணங் கொடுத்து வாங்கியிருந்த ஸ்ருடியோகனால் படங்கள் பலரது பட்டியலிலிருந்து நீக்கப்பட்டன. 2023 டிசம்பரில் டிஸ்கவரி நிகழ்ச்சிகளுக்கும் அதே கதி நேரும் என்று அறிவித்த சொனி, எதிர்ப்பு வலுத்தபின், உரிமக்காரரோடு புதிய ஏற்பாடு செய்து அதைத் தள்ளிவைத்தது. வாங்கியோர் கையில் இருந்தது படமன்று, பார்க்கும் அனுமதி மாத்திரமே.

இதற்கிடையே விளையாட்டுப் பெட்டியின் பாலத்தொழிலும் குறைந்துவிட்டது. இன்றைய தொலைக்காட்சிகள் தாமே இணையத்தோடு பேசுகின்றன. வேறொரு பெட்டி தேவைப்படுவதில்லை. நிண்டெண்டோ தன் வீயிலிருந்து நெட்பிளிக்ஸை 2019இலும், வீ யூவிலிருந்து 2021இலும் இழந்தது. 2017இல் வந்த சுவிட்ச் பெட்டியிலே அது ஏறவே இல்லை. 2020 நவம்பரில் வெளியான பிளேஸ்டேஷன் 5இன் இரு வகைகளுள் ஒன்றுக்குத் தட்டுச் செருகும் வாயே கிடையாது. விலை குறைவாதலாற் பலர் அதையே வாங்கினர்.

அவ்வீடுகள் சிலவற்றிலே அலுமாரியின் மேற்றட்டில் இன்னும் பழைய தட்டுகள் அடுக்கப்பட்டுள்ளன: எண் இடப்படாத தமிழ்ப் படங்கள், மூத்தோரின் திருமணப் பதிவுகள், வெளிநாடு போன பிள்ளையின் முதற் பிறந்தநாள். அவற்றிலே எதுவும் எந்தக் கொம்பனியின் பட்டியலிலும் இல்லை. அவற்றைப் பார்ப்பதற்கு வீட்டார் பிளேஸ்டேஷன் 2ஐத் தூசு தட்டி, மஞ்சள், சிவப்பு, வெள்ளைக் கம்பிகளைத் தேடியெடுக்கின்றனர்.